62 ரூபாய் 8 அணா பென்ஷன், ஏழு குழந்தைகள், தீராத கடன்: யார் இந்த மிர்ஸா காலிப்?

பூந்தமல்லி நெடுஞ்சாலை, வானகரம் சந்திப்பு. காலை நேரம். பைபாஸ் ஏறப் போகிற லாரிக்குப் பின்னால் வண்டி நகராமல் நிற்கிறது. கை தானாக போனை எடுக்கிறது. வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் யாரோ ஒருவர் போட்டிருக்கும் படம்: உயரமான தொப்பி, வெள்ளைத் தாடி, களைத்த கண்கள். கீழே காதல் தோல்வி பற்றி ரெண்டு வரி. அதற்கும் கீழே ‘மிர்ஸா காலிப்’ என்று பெயர்.

ஒரு விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடலாம். இப்படிச் சுற்றும் வரிகளில் நிறைய காலிப் எழுதியதே இல்லை. யாரோ எழுதிய காதல் வரிக்கு அவர் பெயரைப் போட்டால் கொஞ்சம் வெயிட் கூடும் என்று போட்டுவிடுகிறார்கள். தமிழில் பாதி தத்துவத்தை அப்துல் கலாம் பெயரில் ஃபார்வர்ட் பண்ணுகிற மாதிரிதான்.

அப்போ நிஜமான காலிப் யார்? காதல் கவிஞர்தான், சந்தேகமில்லை. ஆனால் அவர் வாழ்க்கையை எடுத்துப் பார்த்தால், காதலியைவிட அதிகமாக அவரை அலையவிட்டது ஒரு பென்ஷன் ஃபைல்.

ஆக்ராவில் பிறந்த அனாதை

இயற்பெயர் அசதுல்லா பேக் கான். 1797 டிசம்பர் 27 அன்று ஆக்ராவில் பிறந்தார். தாத்தா மத்திய ஆசியாவின் சமர்கந்த் பக்கத்திலிருந்து பிழைப்புக்காக இந்தியா வந்த படைவீரர். அப்பா அப்துல்லா பேக்கும் போர் வீரர். ராஜஸ்தானின் ஆல்வார் மன்னருக்காகச் சண்டைக்குப் போன இடத்தில் இறந்துபோனார். அப்போது காலிப்புக்கு ஐந்து வயதளவில்தான் இருக்கும். பிறகு சித்தப்பா நஸ்ருல்லா பேக் பொறுப்பேற்றார். அவரும் 1806-ல் யானை மேலிருந்து விழுந்து இறந்துவிட்டார்.

கதை இங்கேதான் சிக்கலாகிறது. சித்தப்பா பிரிட்டிஷ் தளபதி லார்ட் லேக்கிடம் குதிரைப்படைத் தலைவராக இருந்தவர். அதனால் அவர் குடும்பத்துக்கு உதவித்தொகை தர ஏற்பாடானது. கொடுக்க வேண்டிய பொறுப்பு ஃபிரோஸ்பூர் ஜிர்கா நவாப் அகமது பக்ஷ் கானுக்கு. 1806 மே மாத உத்தரவுப்படி ஆண்டுக்கு 10,000 ரூபாய். அடுத்த மாதமே இன்னொரு கடிதம் வந்து அது 5,000 ஆகக் குறைந்தது. அதிலும் 2,000 ரூபாய் குவாஜா ஹாஜி என்பவருக்குப் போனது. மீதியை சித்தப்பாவின் அம்மா, சகோதரிகள், காலிப், அவர் தம்பி யூசுஃப் பங்கு போட்டுக்கொள்ள, காலிப் கையில் நின்றது ஆண்டுக்கு 750 ரூபாய். மாதத்துக்கு 62 ரூபாய் 8 அணா.

குவாஜா ஹாஜி எங்கள் குடும்பமே இல்லை, அந்த இரண்டாவது கடிதம் போலி: இதுதான் காலிப் வாழ்நாள் முழுக்க வைத்த வாதம்.

13 வயதில் மாப்பிள்ளை

1810-ல், 13 வயது நிறையும் முன்பே கல்யாணம். மணப்பெண் உம்ராவ் பேகத்துக்கு 11 வயது. இவர் யார் தெரியுமா? அதே நவாப் அகமது பக்ஷ் கானின் தம்பி மகள். அதாவது, பின்னாளில் காலிப் வழக்கு போட்டது மனைவியின் பெரியப்பா வீட்டு மேல். நம்ம ஊர்ப் பாகப்பிரிவினைத் தகராறு பார்த்தவர்களுக்கு வீட்டுக்குள் என்ன நிலவரம் இருந்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை.

கல்யாணத்துக்குப் பிறகு டெல்லிக்குக் குடிபெயர்ந்தார். கடைசிவரை டெல்லிதான். சொந்த வீடு மட்டும் வாங்கவே இல்லை. பல்லிமாரான் பகுதியில் ஒரு வாடகை வீட்டிலிருந்து இன்னொரு வாடகை வீடு என்று ஐம்பது வருஷத்துக்கு மேல் ஓட்டினார். புத்தகங்களைக்கூடக் காசு கொடுத்து வாங்குவது குறைவு. வாடகைக்கு எடுத்துப் படித்துத் திருப்பிக் கொடுப்பாராம்.

உம்ராவ் பேகம் தொழுகை தவறாதவர். கணவரோ நோன்பு பிடிக்காதவர், மது குடிப்பவர், சூதாடுபவர். தன் சாப்பாட்டுப் பாத்திரங்களை மனைவி தனியாகவே வைத்திருந்தார் என்று காலிப்பின் சீடரும் அவர் வாழ்க்கையை எழுதியவருமான ஹாலி சொல்கிறார். கல்யாணத்தை ஆயுள் தண்டனை என்றும் மனைவியைக் கால் விலங்கு என்றும் காலிப் நண்பர்களுக்குக் கடிதம் எழுதியிருக்கிறார். இன்றைக்கும் இந்த ‘ஜோக்’ ரசித்துச் சொல்லப்படுகிறது. கொஞ்சம் யோசித்தால், அந்த வீட்டில் அதிகம் விலங்கு போட்டிருந்தது யார் என்ற கேள்வி வரும். கடன்காரர்கள் கதவைத் தட்டியபோது வீட்டுக்குள் அடுப்பெரிய வைத்தவர் உம்ராவ்தான்.

இவர்களுக்கு ஏழு குழந்தைகள் பிறந்தன. ஒன்றுகூடப் பதினைந்து மாதத்தைத் தாண்டவில்லை. மனைவியின் அக்கா தங்கை வழிப் பிள்ளை ஆரிஃபை மகன் மாதிரி வளர்த்தார்கள். அவரும் நல்ல கவிஞர். 1852-ல் முப்பத்தைந்து வயதளவில் அவரும் இறந்துபோனார். அவருக்காக காலிப் எழுதிய இரங்கல் கவிதை இன்றும் உருது படிப்பவர்களைக் கலங்கவைக்கிறது. ஆரிஃபின் இரண்டு சின்னப் பையன்களையும் பிறகு இந்த வயதான தம்பதிதான் வளர்த்தது.

கஜல்னா என்ன?

ஒரு நிமிஷம் இதைப் பார்த்துவிட்டுப் போவோம். இல்லாவிட்டால் காலிப் ஏன் பெரிய ஆள் என்பது புரியாது.

கஜல் என்பது ஈரடிகளின் மாலை. ஒவ்வொரு ஈரடியும் தனியாக நிற்கும், குறள் மாதிரி. முதல் ஈரடி பிரிவைப் பற்றி இருக்கும். அடுத்தது கடவுளிடம் வம்பு வளர்க்கும். அதற்கடுத்தது மதுக்கடை வாசலில் நிற்கும். பொருளில் தொடர்பு இருக்க வேண்டியதில்லை. எல்லாவற்றையும் கட்டிவைப்பது சந்தமும், ஒவ்வொரு ஈரடியின் கடைசியிலும் திரும்பத் திரும்ப வரும் அதே சொல்லும்தான். கடைசி ஈரடியில் கவிஞர் தன் புனைபெயரைச் செருகுவது வழக்கம். முதலில் ‘அசத்’ என்று கையெழுத்திட்டவர் பிறகு ‘காலிப்’ ஆனார். அசத் என்றால் சிங்கம். காலிப் என்றால் வெல்பவர்.

அவருக்கு முன்பு கஜலில் காதலன் அழுவான், ஏங்குவான், செத்துப்போவான். காலிப்பின் காதலன் அழுதுகொண்டே யோசிப்பான். தன் ஏக்கத்தைத் தானே கிண்டல் பண்ணுவான். காதலி வராவிட்டால் என்ன என்று கேட்பான்; வந்துவிட்டால் அடுத்து என்ன செய்வது என்றும் கேட்பான். மனிதன் ஏன் கிடைத்ததில் திருப்தி அடைவதில்லை என்பதுதான் அவர் திரும்பத் திரும்பக் கிண்டிய இடம். சொர்க்கத்தைக்கூட அவர் சந்தேகத்தோடுதான் பார்த்தார். மொழி கடினம், அவர் காலத்து டெல்லிக்காரர்களே புரியவில்லை என்று குறைபட்டார்கள். ஸ்டேட்டஸில் வரும் வரி ரொம்ப எளிமையாக, சினிமாப் பாட்டு மாதிரி இருந்தால் ஒரு தடவை சந்தேகப்படுங்கள்.

ஆச்சரியம் என்னவென்றால், அவர் பெருமையாக நினைத்தது தன் பாரசீகக் கவிதைகளைத்தான். 1841-ல் அச்சான உருதுத் தொகுப்பு ஆயிரத்துச் சொச்சம் ஈரடிகள் கொண்ட மெல்லிய புத்தகம். அதற்குப் பல மடங்கு பெரிய பாரசீகத் தொகுப்பை இன்று ஆராய்ச்சியாளர்கள்தான் திறக்கிறார்கள்.

அந்தப் பெண் யார்?

காலிப்பின் காதல் கதை என்று சினிமாவில் வந்ததை நம்பிவிட வேண்டாம். 1954-ல் சோராப் மோடி எடுத்த ‘மிர்ஸா காலிப்’ படத்தில் பரத் பூஷண் காலிப்பாகவும், சுரையா அவரைக் காதலிக்கும் பெண்ணாகவும் நடித்தார்கள். கதையை எழுதியது சாதத் ஹசன் மண்ட்டோ. குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் வாங்கிய படம். அதில் அந்தப் பெண்ணுக்கு ஒரு பெயர் உண்டு, ஒரு முழுக் கதை உண்டு.

நிஜத்தில் நமக்குக் கிடைப்பது கடிதத்தில் வரும் சில வரிகள் மட்டுமே. காதலியைப் பறிகொடுத்த ஒரு நண்பருக்கு, அறுபது வயது தாண்டிய காலிப் ஆறுதல் எழுதுகிறார். தானும் இளம் வயதில் பாடி ஆடும் ஒரு பெண்ணைக் காதலித்ததாகவும், அவள் இறந்துவிட்டதாகவும், பல பத்தாண்டு கழிந்தும் அவள் சாயல் அவ்வப்போது நினைவுக்கு வருவதாகவும் அதில் ஒப்புக்கொள்கிறார். பெயரைச் சொல்லவில்லை. அவருடைய இளம் வயதுக் கஜல் ஒன்று அவள் சாவுக்குப் புலம்பியது என்று பலர் கருதுகிறார்கள். அவ்வளவுதான். காதல் மன்னன் என்று கொண்டாடப்படுபவரின் சொந்தக் காதல், வேறு ஒருவரைத் தேற்றப் போன இடத்தில் வாய்தவறி வந்த மாதிரி நமக்குக் கிடைத்திருக்கிறது.

கொல்கத்தாவுக்கு ஒரு பயணம்

சரி, பென்ஷனுக்கு வருவோம். 1826-ல் காலிப் டெல்லியை விட்டுக் கிளம்பினார். கம்பெனி அரசின் தலைநகர் கல்கத்தாவில் நேரில் முறையிட வேண்டும் என்பது திட்டம். லக்னோ, பாந்தா, அலகாபாத், காசி என்று குதிரையிலும் படகிலும் போனார். காசியைப் பார்த்து மயங்கிப்போய் அந்த நகரத்தைப் புகழ்ந்து 108 ஈரடிகளில் ஒரு பாரசீகக் கவிதை எழுதினார். 1828 பிப்ரவரியில்தான் கல்கத்தா போய்ச் சேர முடிந்தது.

அங்கே ஆங்கில அதிகாரிகள் மரியாதையாகப் பேசினார்கள். வெற்றிலை பாக்கு, அத்தர் எல்லாம் கிடைத்தது. பணம் மட்டும் கிடைக்கவில்லை. மனுவை டெல்லி அலுவலகம் வழியாக அனுப்பு என்றார்கள். டெல்லியில் இருந்த அதிகாரி இவருக்கு எதிராக அறிக்கை அனுப்பினார். கவியரங்கு ஒன்றில் இவருடைய பாரசீகத்தில் இலக்கணப் பிழை என்று உள்ளூர்ப் புலவர்கள் கிளப்பிவிட, அந்தச் சண்டை தனியாக ஓடியது. சமாதானத்துக்கு ஒரு கவிதை எழுதினார்; அதிலும் குத்தல் இருந்தது என்பது வேறு விஷயம். 1829 நவம்பரில் கடனோடு டெல்லி திரும்பினார். 1831-ல் மனு தள்ளுபடி. பிறகு லண்டன் வரை மேல்முறையீடு போனது. 1840களில் அங்கேயும் கதவு சாத்தப்பட்டது.

இடையில் 1835-ல் ஒரு கொலை. டெல்லியின் ஆங்கில அதிகாரி வில்லியம் ஃபிரேசர் சுட்டுக் கொல்லப்பட்டார். அதற்காகத் தூக்கில் போடப்பட்டவர், அகமது பக்ஷ் கானின் மகன் நவாப் ஷம்சுத்தீன். காலிப் வழக்காடிக்கொண்டிருந்ததும் இவருடன்தான். ஃபிரேசரோ காலிப்பின் நண்பர். காட்டிக்கொடுத்தது காலிப்தானோ என்று டெல்லித் தெருக்கள் முணுமுணுத்தன. ஷம்சுத்தீனின் சொத்து பறிமுதலாகி, காலிப்பின் பென்ஷன் கம்பெனி கஜானாவிலிருந்தே வர ஆரம்பித்தது. தொகை அதே 62 ரூபாய் 8 அணா. (தூக்கிலிடப்பட்ட நவாபின் நான்கு வயதுப் பையன்தான் பின்னாளில் உருதுவின் புகழ்பெற்ற காதல் கவிஞர் தாக் தெஹ்லவி.)

அதே பத்தாண்டில் ஒரு கடன் வழக்கில் காலிப்புக்கு எதிராகத் தீர்ப்பு வந்தது. கௌரவமான குடும்பத்தாரை வீட்டுக்குள் புகுந்து கைது செய்யும் வழக்கம் இல்லை என்பதால், பல மாதம் வெளியே தலைகாட்டாமல் உள்ளேயே இருந்தார்.

மானமா, சம்பளமா?

1840களின் தொடக்கத்தில் டெல்லி கல்லூரியில் பாரசீக ஆசிரியர் வேலை வந்தது. மாதம் 100 ரூபாய். பல்லக்கில் போய் இறங்கினார். எப்போதும் வாசலுக்கு வந்து வரவேற்கும் ஆங்கில அதிகாரி அன்றைக்கு வரவில்லை. விசாரித்தால், விருந்தாளியாக வந்தால் வரவேற்பு உண்டு, வேலைக்கு வந்தவருக்குக் கிடையாது என்று பதில். இருக்கிற மரியாதையும் குறையும் என்றால் அந்த வேலை எதற்கு என்று அப்படியே பல்லக்கைத் திருப்பச் சொல்லிவிட்டார். ஹாலி எழுதிவைத்த இந்தச் சம்பவத்தை ரசிகர்கள் பெருமையாகச் சொல்வார்கள். மளிகைக் கடன் நிற்கும் வீட்டிலிருந்து பார்த்தால் கதை வேறு மாதிரி இருக்கும்.

1847-ல் அடுத்த அடி. வீட்டில் சூதாட்டம் நடத்தியதாகக் கைது. ஆறு மாதச் சிறைத் தண்டனை. மூன்று மாதத்தில் விடுதலை. உறவுக்காரர்களே சொந்தம் இல்லை என்று ஒதுங்கினார்கள். பக்கத்தில் நின்றவர் கவிஞர் ஷெஃப்தா.

மூன்றே வருஷத்தில் காற்று திசை மாறியது. 1850-ல் கடைசி முகலாய மன்னர் பகதூர் ஷா ஜாஃபர் இவருக்குப் பட்டங்கள் கொடுத்து, தைமூர் வம்ச வரலாறு எழுத மாதம் 50 ரூபாய் ஒதுக்கினார். 1854-ல் அரசவைக் கவிஞர் ஜௌக் இறந்ததும், மன்னரின் கவிதைகளைத் திருத்தும் ஆசானாக காலிப் ஆனார். மாம்பழக் கதை இந்தக் காலத்தது. அரசர் தோட்டத்தில் நடக்கும்போது ஒவ்வொரு பழமாக உற்றுப் பார்த்தாராம். என்ன தேடுகிறீர்கள் என்று மன்னர் கேட்க, ஒவ்வொரு தானியத்திலும் சாப்பிடுபவன் பெயர் எழுதியிருக்கும் என்பார்களே, என் பெயர் எதிலாவது இருக்கிறதா பார்க்கிறேன் என்றாராம். அன்றே ஒரு கூடை மாம்பழம் வீட்டுக்கு வந்தது.

அரண்மனைச் சம்பளம் வாங்கிக்கொண்டிருந்தவருக்கு, அந்த அரண்மனை முடிந்துபோன கதை என்பதும் தெரியும். சையது அகமது கான் அக்பர் காலத்து நூலான ‘ஆயினே அக்பரி’யைப் பதிப்பித்து, வாழ்த்துரை கேட்டார். செத்துப்போனதை ஏன் கட்டி அழுகிறாய், நீராவிக் கப்பலையும் தந்தியையும் பார் என்ற பொருளில் காலிப் கவிதை எழுதிக் கொடுத்தார். சையது அகமது அதைப் புத்தகத்தில் சேர்க்கவில்லை.

1857: நகரம் செத்த வருஷம்

மே 11 அன்று சிப்பாய்கள் டெல்லிக்குள் நுழைந்தார்கள். அன்றோடு பென்ஷன் நின்றது. செப்டம்பரில் ஆங்கிலேயப் படை நகரத்தைத் திரும்பப் பிடித்தது. கொலை, கொள்ளை, தூக்குமேடைகள். முஸ்லிம் மக்கள் நகரத்தை விட்டே துரத்தப்பட்டார்கள். காலிப் உயிர் தப்பியதற்குக் காரணம் அவர் தெரு. அங்கே குடியிருந்த ஹக்கீம் குடும்பம் பாட்டியாலா மகாராஜாவுக்கு வைத்தியம் பார்த்தவர்கள். ஆங்கிலேயர் பக்கம் இருந்த மகாராஜா அந்தத் தெருவுக்குத் தன் காவலர்களைப் போட்டிருந்தார்.

விசாரணைக்கு ஆங்கில கர்னல் முன் நிறுத்தப்பட்டபோது, நீ முஸ்லிமா என்ற கேள்விக்குப் பாதி முஸ்லிம் என்று பதில் சொன்னாராம்: மது குடிப்பேன், பன்றி சாப்பிட மாட்டேன். கர்னல் சிரித்துவிட்டார் என்பது எல்லோரும் சொல்லும் கதை. கொஞ்ச நாளில் நடந்ததை யாரும் அவ்வளவாகச் சொல்வதில்லை. தம்பி யூசுஃப் பல வருஷமாக மனநலம் குன்றி, கொஞ்ச தூரத்தில் தனி வீட்டில் இருந்தார். அக்டோபரில் அவர் இறந்த செய்தி வந்தது. கஃபன் துணி வாங்கக் கடை இல்லை, குழி வெட்ட ஆள் இல்லை, மயானத்துக்குத் தூக்கிப் போக வழி இல்லை. வீட்டில் கிடந்த துணிகளைச் சுற்றி, பக்கத்துப் பள்ளிவாசல் வளாகத்திலேயே புதைத்தார்கள்.

தம்பி காய்ச்சலில் இறந்ததாக காலிப் எழுதினார். ஆங்கிலச் சிப்பாய்கள் சுட்டதாக வேறு சாட்சியம் இருக்கிறது. ஏன் அப்படி எழுதினார்? அந்தக் காலத்தைப் பற்றி அவர் எழுதிய ‘தஸ்தம்பூ’ என்ற பாரசீக நூல் 1858-ல் அச்சானது. அதில் கிளர்ச்சி செய்தவர்களைத் திட்டுகிறார், ஆங்கிலேயர்களைப் புகழ்கிறார், விக்டோரியா ராணிக்குப் பாட்டும் உண்டு. படிக்கச் சங்கடமாகத்தான் இருக்கும். நகரமே தூக்கில் தொங்கும்போது, மன்னரின் ஆசானாக இருந்தவர் தன் தலையைக் காப்பாற்ற எழுதிய புத்தகம் அது. பென்ஷனும் அதே தலையோடு சேர்ந்தது. வீட்டிலிருந்த படுக்கை, துணிமணியை விற்றுத்தான் அப்போது சாப்பாடு நடந்தது.

அவர் நிஜமாக என்ன நினைத்தார் என்பது கடிதங்களில் இருக்கிறது. ஹர்கோபால் தஃப்தா, மீர் மெஹ்தி மஜ்ரூஹ் போன்ற சீடர்களுக்கு எழுதிய உருதுக் கடிதங்களில் இடிக்கப்பட்ட தெருக்களின் கணக்கு, செத்த நண்பர்களின் பட்டியல், வறண்ட கிணறு, மழையில் ஒழுகும் கூரை, கிடைக்காத மது எல்லாம் வருகிறது. எதிரே உட்கார்ந்து பேசுகிற மாதிரியே எழுதினார். அதுவரை உருதுக் கடிதம் என்றால் அலங்காரம்தான். அவருக்குப் பிறகு உருது உரைநடை மாறிவிட்டது. என்னைக் கேட்டால், காலிப்பைப் புதிதாகப் படிக்க நினைப்பவர் கஜலைவிடக் கடிதங்களில் ஆரம்பிப்பது நல்லது.

1859-லிருந்து ராம்பூர் நவாப் மாதம் 100 ரூபாய் அனுப்பினார். 1860 மே மாதம் பென்ஷன் திரும்பக் கிடைத்தது. மூன்று வருட நிலுவை 2,250 ரூபாய். அதில் பெரும்பகுதி கடன்காரர்களுக்குப் போனது.

இங்கே, நம் பக்கம்

வானகரத்தைத் தாண்டிப் போகும் அதே சாலையில் வேலூர் கடந்தால் ஆம்பூர், வாணியம்பாடி. வீட்டில் உருது பேசும் பெரிய சமூகம் இருக்கும் ஊர்கள். வாணியம்பாடி கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியராக இருந்த கவிக்கோ அப்துல் ரகுமான், கஜலைத் தமிழுக்குக் கொண்டுவந்து ‘மின்மினிகளால் ஒரு கடிதம்’ எழுதினார். தூர்தர்ஷன் மட்டும் இருந்த 1988-ல் குல்சாரின் ‘மிர்ஸா காலிப்’ தொடரைப் பார்த்து, மொழி புரியாமலே ஜக்ஜித் சிங் குரலுக்காக உட்கார்ந்திருந்த தமிழ் வீடுகளும் உண்டு. நஸ்ருதீன் ஷாவின் முகம்தான் பலருக்கு காலிப்பின் முகம்.

காலிப் 1869 பிப்ரவரி 15 அன்று டெல்லியில் இறந்தார். கடைசி வருடங்களில் காது கேட்கவில்லை. வந்தவர்கள் எழுதிக் காட்டினார்கள். கடன் பாக்கி இருந்தது. நிஜாமுத்தீன் தர்கா அருகே அடக்கம். அடுத்த ஆண்டு பிப்ரவரியில் உம்ராவ் பேகமும் போய்ச் சேர்ந்தார்.

பல்லிமாரானில் காசிம் ஜான் தெருவில் அவர் கடைசியாக இருந்த வீடு பின்னாளில் கடைகளாகவும் கரிக் கிடங்காகவும் கிடந்தது. 1990களின் கடைசியில் டெல்லி அரசு அதில் ஒரு பகுதியை எடுத்துச் சீர்செய்து நினைவகமாக்கியது. சாந்தினி சவுக் மெட்ரோவில் இறங்கினால் நடந்தே போகலாம். கவனிக்காவிட்டால் வாசலைத் தாண்டிப் போய்விடுவீர்கள். அவ்வளவு குறுகலான தெரு.